தாமிரபரணி வாளை: அடையாளம், வாழ்க்கை, குறைந்துபோன காரணம்

மறுகால் எழுதியது:

ஒவ்வோர் ஐப்பசி, கார்த்திகையிலும் குளங்கள் பெருகி மிகுநீர் மறுகால் வழியே பாயத் தொடங்கியதும், மீசை வைத்த பெரிய மீன் ஒன்றை இரு கையாலும் தூக்கிப் பிடித்த படங்கள் நம் பக்கத்துக் குழுக்களில் வரத் தொடங்கிவிடுகின்றன. எல்லாப் படத்துக்கும் கீழே "ஆற்று வாளை" என்றே எழுதுகிறார்கள். நான் பார்த்த படங்களில் பெரும்பாலானவை வாளை அல்ல, ஆப்பிரிக்கக் கெளுத்தி. பெயர் தவறினால் என்ன என்று கேட்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் செம்பட்டியலில் வாளை இன்று அழிவாய்ப்புள்ள இனங்களின் வரிசையில் இருக்கிறது. ஆனால் இந்தப் படங்களைப் பார்ப்பவருக்கு நம் குளமெல்லாம் வாளை நிறைந்து கிடப்பதாகத் தோன்றும். அப்படியே நினைத்துக்கொண்டிருந்தால், அந்த மீன் நம் ஆற்றை விட்டுப் போன பிறகும் நமக்குத் தெரியப்போவதில்லை.

வாளையின் அறிவியல் பெயர் வல்லாகோ அட்டு. 1801-இல் பிளாக், ஷ்னைடர் என்ற இரண்டு ஜெர்மானிய அறிஞர்களால் அறிவியல் உலகுக்கு விவரிக்கப்பட்டது. சிந்து, கங்கைச் சமவெளிகள் தொடங்கித் தென்னிந்தியா, இலங்கை, மியான்மர் என்று தென்கிழக்காசியா வரை பரவியுள்ள மீன் அது. உடல் நீண்டு, இரண்டு பக்கமும் அழுத்தியது போலத் தட்டையாக இருக்கும். செதில் கிடையாது. முதுகு சாம்பல் கலந்த வெள்ளி நிறம், வயிறு வெளுப்பு, உடலில் புள்ளியோ திட்டோ இல்லை. இவ்வளவு பெரிய உடலுக்கு முதுகுத் துடுப்பு மிகச் சிறியது, அதில் முள்ளும் இல்லை. வயிற்றை அடுத்துத் தொடங்கும் அடித்துடுப்போ வாலின் அடிவரை ஒரே சீராக ஓடும், அதில் எழுபதுக்கு மேற்பட்ட கதிர்கள் இருக்கும். மீசை இரண்டு இணை மட்டுமே. மேல்தாடையில் இருப்பவை அடித்துடுப்பின் தொடக்கத்தையும் தாண்டும் அளவுக்கு நீளமானவை, கீழ்த்தாடையில் இருப்பவை குட்டையானவை. வால் நடுவில் ஆழமாகப் பிளந்திருக்கும்.

ஆப்பிரிக்கக் கெளுத்திக்கு மீசை நான்கு இணை. அதன் முதுகுத் துடுப்பு தலைக்குச் சற்றுப் பின்னால் தொடங்கி வால் வரை நீளும். வால் பிளவில்லாமல் வட்டமாக இருக்கும். மண்டை எலும்புக் கவசமாக மேலே தட்டையாக இருக்கும். இந்த நான்கையும் பார்த்தால் தூரத்திலிருந்து எடுத்த படத்திலும் இரண்டையும் பிரித்துவிடலாம்.

நம் ஆற்றில் வாளை குறைந்திருக்கிறதா, குறைந்திருந்தால் ஏன் என்பதைத் தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

பிசானம் எழுதியது:

நல்ல தொடக்கம், அண்ணாச்சி. குழப்பம் ஆப்பிரிக்கக் கெளுத்தியோடு நிற்கவில்லை. தூத்துக்குடிப் பக்கத்தவர்களிடம் வாளை என்றால் அவர்கள் நினைப்பது கடலில் கிடைக்கும் சாவாளையை. பட்டை போல நீண்டு மின்னும் அந்த மீனுக்கு மீசையே கிடையாது. முள்ளுவாளை என்பது இன்னொரு கடல்மீன். இவற்றுக்கும் ஆற்று வாளைக்கும் உறவே இல்லை. போதாக்குறைக்குச் செங்கோட்டை வழியாகக் கேரளத்துக்குப் போய்வரும் வியாபாரிகள் "அசாம் வாளை" என்று ஒன்றைச் சொல்கிறார்கள். அது எது என்பதை யாராவது விளக்க வேண்டும்.

சந்தைக்கடை எழுதியது:

நான் ஆற்றுமீனும் வளர்ப்புமீனும் விற்கிறவன். அசாம் வாளை என்று கேரளத்தில் சொல்லப்படுவது பங்கேசியஸ். அது மேகாங், சாவோ பிரயா ஆறுகளின் மீன். இங்கே வளர்ப்புக் குளங்களில் விடப்படுகிறது. அசாமுக்கும் அதற்கும் பிறப்புத் தொடர்பு இல்லை, வாளை இனமும் அன்று. அதற்கும் மீசை இரண்டு இணைதான் என்பதால், மீசையை மட்டும் எண்ணிப் பார்க்கிறவர்கள் ஏமாந்துபோவார்கள். முதுகின் பின்பகுதியில், வாலுக்குச் சற்று முன்னால் கதிரில்லாத சிறிய சதைத் துடுப்பு ஒன்று பங்கேசியஸுக்கு உண்டு, வாளைக்கு இல்லை. அதைத் தொட்டுப் பார்த்தாலே போதும்.

என்னைப் பொறுத்தவரை வாளையை அறிய வாயைப் பார்ப்பதே உறுதியான வழி. வாயை மூடியிருக்கும்போது கீழ்த்தாடை மேல்தாடையை விடச் சற்று முன்னால் துருத்தி நிற்கும். வாயின் கோடு கண்ணுக்குக் கீழாகச் சென்று, கண்ணையும் கடந்து பின்னால் முடியும். நம் பக்கத்து நன்னீர் மீன் எதற்கும் வாய் இவ்வளவு நீளம் பிளந்திருக்காது. கட்டைவிரலால் கீழ்த்தாடையை அழுத்தித் திறந்தால் உள்ளே வெளிறிய, அகன்ற பல்பட்டை தெரியும். தனித்தனியாக எண்ண முடியாதபடி நெருக்கமாக முளைத்த கூரிய சிறு பற்கள், நுனியெல்லாம் தொண்டையைப் பார்த்துச் சாய்ந்திருக்கும். மேல் அண்ணத்திலும் அப்படிப் பற்கள் உண்டு. விரலை உள்ளே விடும்போது தடையே தெரியாது, வெளியே இழுக்கும்போதுதான் தோல் மாட்டும். அந்த வாய்க்குள் போன மீன் திரும்பி வராததற்குக் காரணம் தாடையின் வலுவை விட அந்தப் பற்களின் சாய்வு என்றே நான் கருதுகிறேன்.

இன்னொன்று. கடைத் தொட்டியில் உயிரோடு நெளிந்துகொண்டிருக்கும் மீனை வாளை என்று யாராவது விற்றால் நம்பாதீர்கள். வாளைக்குக் காற்றை நேராக உள்ளிழுத்து உயிர்வாழும் உறுப்பு கிடையாது. தண்ணீரை விட்டு எடுத்தால் சிறிது நேரத்தில் இறந்துவிடும். விராலும் தேளியும் ஆப்பிரிக்கக் கெளுத்தியும்தான் ஈரச்சாக்கில் கிடந்தும் பிழைத்திருக்கும்.

மீன்பாசி எழுதியது:

எல்லோரும் வாளையைப் புகழ்ந்து எழுதுவதால் மறுபக்கத்தையும் எழுதுவது என் கடமை. நான் குளத்து மீன்பாசியை, அதாவது குளத்தில் மீன் வளர்த்துப் பிடிக்கும் உரிமையை, ஏலம் எடுக்கிறவன். ஏலத் தொகையை முன்னதாகவே கட்டிவிட்டு, கட்லாவும் ரோகுவும் மிர்காலும் குஞ்சு வாங்கி விட்டு, தண்ணீர் வற்றுவதற்குள் அவை எடை ஏற வேண்டும் என்று காத்திருக்கிறவனுக்கு வாளை ஒரு நட்டம். இரண்டு கிலோ வாளை ஒன்று குளத்தில் இருந்தால் அது இரவெல்லாம் என் முதலைத் தின்றுகொண்டிருக்கிறது என்று பொருள். மீன் வளர்ப்புக் கையேடுகள் எல்லாமே, குஞ்சு விடுவதற்கு முன் குளத்திலுள்ள கொன்றுண்ணி மீன்களை அகற்ற வேண்டும் என்றுதான் சொல்லித் தருகின்றன. அந்தப் பட்டியலில் விராலோடு வாளையும் இருக்கிறது. அதற்கு இலுப்பைப் பிண்ணாக்கு போடச் சொல்கிறார்கள். ஹெக்டேருக்கு 2,500 கிலோ வரை அளவு. இரண்டு மூன்று வாரத்தில் நஞ்சு நீங்கி அதுவே உரமாகவும் ஆகிவிடுகிறது. பரிந்துரைத்த முறையைப் பின்பற்றுகிறவர்களைக் குற்றவாளி போலப் பேசக் கூடாது.

வாளை அரிதாகிவிட்டது என்பதில் எனக்கும் வருத்தம் உண்டு. அதன் குழம்புக்கு ஈடான குழம்பு இல்லை, நுண்முள் தொல்லையும் இல்லை. ஆனால் அதைக் காப்பாற்றும் செலவைக் குத்தகைதாரர் தலையில் மட்டும் சுமத்துவது நியாயமாகாது.

பாளை ஆசிரியர் எழுதியது:

மீன்பாசி அவர்கள் சொல்வதில் பாதிக்கு மேல் உண்மை இருக்கிறது. அதற்கு விடை சொல்லும் முன், இந்த மீன் எப்படி வேட்டையாடுகிறது என்பதை விளக்கிவிட்டால் அவருடைய நட்டக் கணக்கையும் சரியாகப் பார்க்க முடியும்.

வாளை பகலில் சோம்பலான மீன். ஆற்றின் ஆழமான மடுக்களிலும், கரை அரித்த பொந்துகளிலும், மூழ்கிய மரவேர்களுக்கு இடையிலும் அசையாமல் கிடக்கும். இருட்டியதும் வெளியே வரும். கண் சிறியது, கலங்கிய நீரில் அதனால் பெரிய பயன் இல்லை. கெளுத்தி வகை மீன்களுக்கெல்லாம் பொதுவாக வேறு புலன்கள் வாய்த்திருக்கின்றன. மீசை முழுவதும் சுவை அறியும் மொட்டுகள் நிறைந்திருக்கின்றன, உடல் தோலிலும் அவை உண்டு. காற்றுப்பைக்கும் உட்செவிக்கும் இடையே சிறிய எலும்புகளால் ஆன தொடர்பு இருப்பதால் நீரில் எழும் மெல்லிய ஒலியும் எட்டுகிறது. மற்ற உயிர்களின் உடலில் எழும் மிகச் சிறிய மின்னோட்டத்தை உணரும் குழிகளும் தோலில் இருக்கின்றன. இவற்றோடு உடலின் பக்கவாட்டில் ஓடும் உணர்கோடு நீரின் அசைவை அளக்கிறது.

வாளையின் குடும்பத்தைச் சேர்ந்த, ஐரோப்பாவில் வாழும் வெல்ஸ் கெளுத்தியைக் கொண்டு நடத்திய சோதனை ஒன்று 2001-இல் வெளிவந்தது. முழு இருட்டில் கப்பி மீன்களோடு அதை விட்டு அகச்சிவப்பு ஒளியில் படம் பிடித்தார்கள். கப்பி நீந்திப் போன வழியில் நீரில் எஞ்சியிருக்கும் சுழலின் தடத்தை, அது கடந்து பத்து நொடி ஆன பிறகும் கெளுத்தி பின்தொடர்ந்து, அதே வளைவுகளில் திரும்பி, பின்னாலிருந்து சென்று பிடித்தது. வாளையை வைத்து இப்படி ஒரு சோதனை நடந்ததாக நான் எங்கும் படிக்கவில்லை, ஆனாலும் கார்த்திகை மாதத்துத் தாமிரபரணித் தண்ணீரின் நிறத்தைப் பார்த்தவர்களுக்கு, அதில் இரை தேட இது போன்ற திறன் எவ்வளவு வேண்டும் என்பது விளங்கும்.

இதே வெல்ஸ், பிரான்சில் தார்ன் ஆற்றங்கரையிலுள்ள ஆல்பி நகரத்தில் புறா பிடிக்கக் கற்றுக்கொண்டது. தண்ணீர் குடிக்கவும் குளிக்கவும் கரைக்கு வரும் புறாக்களை, உடலின் பாதியைக் கரையேற்றிப் பாய்ந்து கவ்வி, மறுபடி ஆற்றுக்குள் இழுத்துப்போகிறது. 2012-இல் வந்த ஆய்வின்படி நூற்றுக்கு 28 பாய்ச்சல்கள் வெற்றி பெற்றன. வெல்ஸ் அந்த ஆற்றுக்கு மனிதர்கள் கொண்டுவந்து விட்ட மீன் என்பதை இதோடு சேர்த்து நினைக்க வேண்டும். அங்கே அது அயல்மீன், வந்த இடத்தில் புதிய இரையைக் கண்டுகொண்டது. நம் ஆற்றில் வாளை அப்படி அன்று. அது தின்னும் கெண்டையும் அயிரையும் தவளையும் இறாலும் அதனோடு சேர்ந்தே இந்த நீரில் வாழ்ந்து வந்தவை.

இப்போது நட்டக் கணக்குக்கு வருகிறேன். வாளை இரையைக் கடித்துத் துண்டாக்குவதில்லை, முழுதாக விழுங்குகிறது. ஆகவே அதன் வாய்க்கும் தொண்டைக்கும் அடங்கும் அளவுள்ள மீன்தான் அதற்கு இரை. நுண்குஞ்சு விட்டால் அழிவு மிகுதியாக இருக்கும், நன்கு வளர்ந்த விரற்குஞ்சு விட்டால் பெரிய வாளைகளைத் தவிர மற்றவற்றால் நட்டம் குறையும். அது தின்பது உங்கள் ரோகுவை மட்டுமன்று. 1952-இல் இந்தியாவுக்குக் கொண்டுவரப்பட்ட திலேப்பியா, நம்மூரில் ஜிலேபி என்று விற்கப்படும் அந்த மீன், குளத்தில் ஓயாமல் பெருகி உங்கள் கட்லாவுக்குரிய இடத்தையும் தீனியையும் பிடித்துக்கொள்கிறது. அதன் குஞ்சுகளைக் கொன்றுண்ணி மீன் ஒன்று குறைத்துக்கொடுத்தால் அதையும் கணக்கில் வரவு வைக்க வேண்டும்.

மீன்பாசி எழுதியது:

ஐயா, விரற்குஞ்சு விலை நுண்குஞ்சு விலையைப் போலப் பல மடங்கு. அதை வாங்க முதல் வேண்டும். இருந்தாலும் ஜிலேபியைப் பற்றி நீங்கள் சொன்னது யோசிக்க வேண்டிய செய்தி. ஜிலேபி நிறைந்த குளத்தில் கட்லா எடை ஏறாது என்பது எங்கள் தொழிலில் எல்லோருக்கும் தெரியும்.

கோடகன்கால் எழுதியது:

இந்த விவாதம் குளத்துக்குள்ளேயே சுற்றிக்கொண்டிருக்கிறது. வாளை குளத்தில் பிறந்து குளத்தில் மடியும் மீன் அன்று. அதன் வீடு ஆறு. மழை தொடங்கிப் புதுவெள்ளம் பெருகும்போது பெரிய மீன்கள் ஆற்றை விட்டு ஓடைகளுக்கும் கால்வாய்களுக்கும் வெள்ளம் பரவிய தாழ்நிலங்களுக்கும் ஏறி, ஆழமில்லாத, புல் மூழ்கிய நீரில் முட்டையிடுகின்றன. வெல்ஸில் ஆண் மீன் முட்டைகளைக் காவல் காக்கும். வாளைக்கு அந்தப் பழக்கம் இல்லை, முட்டையிட்டுவிட்டு விலகிவிடும். குஞ்சுகள் புழு பூச்சி தின்று தொடங்கி, வெகுவிரைவில் ஒன்றையொன்று விழுங்கத் தொடங்கிவிடுகின்றன. செயற்கை முறையில் குஞ்சு பொரிக்கச் செய்து வளர்ப்பவர்களுக்கு இன்றுவரை பெருந்தடையாக இருப்பது இந்தத் தன்னினம் தின்னும் பழக்கம்தான். வெள்ளம் பரந்த வயலில் குஞ்சுகள் சிதறிப்போவதால் அது அவ்வளவு அழிவாக முடிவதில்லை. ஆகவே இந்த மீன் பெருக வேண்டுமென்றால் அகன்று பரவும் வெள்ளம் தேவை, அந்த வெள்ளம் வடியும்போது ஆற்றுக்குத் திரும்பும் வழியும் தேவை.

நம் நாட்டின் பழைய பாசன அமைப்பு இந்த இரண்டையும் தந்தது என்பது என் துணிபு. ஆற்றில் கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர், ஸ்ரீவைகுண்டம் என்று எட்டு அணைக்கட்டுகள். அவற்றிலிருந்து கால்வாய்கள், கால்வாயிலிருந்து குளங்கள், ஒரு குளம் நிரம்பி மறுகால் பாய்ந்து அடுத்த குளம், கடைசிக் குளத்து மறுகால் ஓடை வழியாக மறுபடி ஆறு. மதகு வழியாக வயலுக்குப் போகும் தண்ணீரில் குஞ்சும் போகும். மருதத் திணைப் பாடல்களில் வயலும் குளமும் வரும் இடங்களில் வாளையும் வருவது இதனால்தான். அன்றைய வயலில் வாளை கண்ணில் படும் மீனாக இருந்திருக்கிறது.

1942-இல் பாபநாசம் அணை, 1958-இல் மணிமுத்தாறு அணை, 1986-இல் சேர்வலாறு அணை என்று வந்த பிறகு ஆற்றின் மழைக்கால வெள்ளத்தில் பெரும்பகுதி மலையடியிலேயே தேங்குகிறது. கார் சாகுபடிக்கு ஜூனிலும் பிசானப் பருவ நெல்லுக்கு மழைக்காலத்திலும் நாம் திறந்துவிடும் நீர் பயிருக்குப் போதுமானது, ஆனால் அது அளந்து விடும் நீர், கரை புரளும் நீர் அன்று. கடனா நதி, பச்சையாறு, சிற்றாறு போன்ற துணையாறுகளிலும் அணைகளும் தடுப்பணைகளும் வந்துவிட்டன. தாழ்ந்த அணைக்கட்டுகளை மூழ்கடித்து ஆறு ஓடும் நாட்களில்தான் மீன் மேலேறிச் செல்ல முடியும். எட்டில் ஒன்றிலும் மீன் ஏறுவதற்கென்று படிவழி வைத்து நான் பார்த்ததில்லை. நாம் எல்லோரும் அந்த அணைகளின் நீரில் விளைந்த நெல்லைத் தின்றுதான் வாழ்கிறோம், அவை வேண்டாம் என்று யாரும் சொல்லமாட்டார்கள். ஆனால் வாளை ஏன் குறைந்தது என்று கேட்டால், வலையை விட முன்னால் நிற்கும் காரணம் இது என்றே நான் சொல்வேன்.

மறுகால் எழுதியது:

கோடகன்கால் அண்ணாச்சி சொன்னதோடு ஆற்றின் மடுக்களையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். கோடையில் நீர் வற்றும்போது பெரிய வாளைகள் ஒதுங்க ஆழமான மடு வேண்டும். மணல் அள்ளியதால் ஆற்றுப்படுகையின் இயல்பான மேடு பள்ளமே மாறிப்போயிற்று. 2010-இல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தாமிரபரணியில் மணல் எடுக்கத் தடை விதிக்கும் நிலை வரும் அளவுக்கு அது போயிருந்தது. மணல் அள்ளிய பள்ளமும் ஆழம்தானே என்று கேட்கலாம். கரையின் பொந்தும் வேரும் நிழலும் இல்லாத குழியில் இந்த மீன் தங்குவதில்லை. மற்றொரு பக்கம் வண்டல். ஸ்ரீவைகுண்டம் அணைக்கட்டு எவ்வளவு மேடிட்டிருந்தது என்பதும், 2015-இல் பசுமைத் தீர்ப்பாயத்தின் உத்தரவுக்குப் பிறகு தூர்வாரியதும் நம் எல்லோருக்கும் தெரிந்தவை.

அமலைச்செடியை, அதாவது ஆகாயத்தாமரையை, பற்றி யாரும் எழுதவில்லை. ஆற்றை மூடிக் கிடக்கும் அந்தப் படர்வின் கீழ் இரவில் நீரில் கரைந்த உயிர்வளி மிகவும் இறங்கிவிடுகிறது. மேலே வந்து காற்றை விழுங்கத் தெரிந்த மீன்களுக்கு அது பொருட்டன்று. செவுளை மட்டும் நம்பியிருக்கும் வாளைக்கு அது மூச்சடைப்பு. கழிவுநீர் கலக்குமிடங்களில் செடி அடர்வதும் அதே இடங்களில் ஆப்பிரிக்கக் கெளுத்தி கொழுப்பதும் ஒரே காரணத்தால் நிகழ்பவை.

களக்காட்டு மாணவி எழுதியது:

நான் விலங்கியல் முதுகலை படிக்கிறேன். ஆப்பிரிக்கக் கெளுத்தியைப் பற்றிச் சில வரிகள் சேர்க்கிறேன். கிளாரியாஸ் காரிபைனஸ் என்ற அந்த மீனை வளர்ப்பதற்கு இந்தியாவில் 2000-இலிருந்து தடை இருக்கிறது. செவுளுக்கு மேலே, கிளைத்த மரம் போன்ற வடிவில் ஒரு மூச்சுறுப்பு அதற்கு இருப்பதால், அழுக்கு நீரிலும் சேற்றிலும் பிழைத்து, ஈரமான தரையில் ஊர்ந்து அடுத்த நீர்நிலைக்கும் போய்விடுகிறது. கோழிக்கழிவு முதல் எதையும் தின்னும். வளர்ப்புக் குளங்களிலிருந்து மழை வெள்ளத்தில் தப்பி ஆறுகளுக்கு வருகிறது. கரையோர நீரையெல்லாம் ஒன்றாக்கிவிட்ட 2023 டிசம்பர் 17, 18 வெள்ளம் போன்ற நிகழ்வுகளில், காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 90 சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டிய அந்த நாட்களில், எந்தக் குளத்து மீன் எந்த ஆற்றுக்குப் போயிருக்கும் என்று யாராலும் சொல்ல முடியாது.

என் கவலை இதுதான். பெரிய வெள்ளம் வாளைக்கு நல்லது என்று கோடகன்கால் ஐயா எழுதினார். அந்தக் கூற்று பழைய ஆற்றுக்குப் பொருந்தும். இன்று அதே வெள்ளம் அயல்மீன்களையும் ஏற்றிக்கொண்டு வருகிறது. வாளை முட்டையிடும் மேலோட்டமான நீரில் ஆப்பிரிக்கக் கெளுத்தியும் முட்டையிடும், கிடைக்கும் முட்டையையும் குஞ்சையும் தின்னும். ஆகவே வெள்ளம் திரும்பினாலே வாளை திரும்பிவிடும் என்று எதிர்பார்க்க இடமில்லை.

கோடகன்கால் எழுதியது:

மகளே, நீ எழுப்பும் மறுப்பு சரியானது. ஆனால் இரண்டு மீன்களின் வலுவும் ஒரே இடத்தில் இல்லை. ஓடும் நீரும் ஆழமும் தெளிவும் உள்ள ஆற்றுப் பகுதியில் வாளைக்கு மேல்கை உண்டு. தேங்கி நாறும் நீரில் அயல்மீனுக்கு மேல்கை. நாம் ஆற்றை எந்த நிலையில் வைத்திருக்கிறோமோ, அந்த நிலைக்குப் பொருந்திய மீனே அதில் மிஞ்சும்.

பிசானம் எழுதியது:

இடையில் ஒரு கேள்வி. ஆற்றில் குளிக்கும் பிள்ளைகளை வாளை கடிக்கும் என்று சொல்லிப் பயமுறுத்துகிறார்கள். இரண்டு மீட்டர் வளரும் என்றும் படித்தேன். உண்மையில் ஆபத்து உண்டா?

சந்தைக்கடை எழுதியது:

இரண்டு மீட்டரையும் தாண்டி வளரும் என்று நூல்களில் இருக்கிறது. ஆனால் ஒரு மீட்டர் வாளை வந்தாலே இப்போது சந்தையில் கூட்டம் கூடிவிடும். குளிக்கிறவரைத் தேடி வந்து கடிக்கும் மீன் அன்று அது, ஆள் அரவம் கேட்டால் விலகிப்போகும். கடி வாங்குவது பெரும்பாலும் எங்களைப் போன்றவர்கள்தான், வலையிலிருந்து கழற்றும்போதும் தூண்டில் முள்ளை எடுக்கும்போதும். கெளுத்தியும் தேளியும் துடுப்பு முள்ளால் குத்தும், வாளையிடம் அஞ்ச வேண்டியது வாய். தலைக்குப் பின்னால் ஈரத்துணி போட்டுப் பிடித்து, வாய்ப்பக்கம் கையைக் கொண்டுபோகாமல் இருந்தால் ஒன்றும் ஆகாது.

மீன்பாசி எழுதியது:

இரண்டு நாளாக எல்லாவற்றையும் படித்தேன். என் பக்கத்திலிருந்து ஒன்று கேட்கிறேன். எங்கள் குளங்கள் ஆண்டில் சில மாதம்தான் தண்ணீர் கிடப்பவை. பங்குனி, சித்திரையில் வற்றிவிடும். காற்றை மூச்சாக இழுக்கத் தெரியாத வாளை அப்போது எப்படியும் இறக்கத்தான் போகிறது. ஆற்றிலிருந்து குளத்துக்கு வந்த வாளை திரும்பிப் போக வழி இல்லையென்றால், அதை நான் பிடித்து விற்பதில் என்ன கேடு?

பாளை ஆசிரியர் எழுதியது:

கேடு இல்லை. வற்றும் குளத்தில் மாட்டிக்கொண்ட வாளையைப் பிடிப்பது இயற்கை கொடுத்ததை எடுத்துக்கொள்வதுதான், நம் முன்னோர்களும் அப்படித்தான் எடுத்தார்கள். கேடு வேறு இரண்டு இடங்களில் இருக்கிறது. ஒன்று, புதுவெள்ளத்தில் ஏறிவரும் மீனை மடையிலும் மறுகாலின் அடியிலும் வலை கட்டி அடைத்துப் பிடிப்பது. அப்போது பிடிபடுவது வயிறு நிறைய முட்டையோடு வரும் தாய்மீன். ஒரு தாயோடு போவது இலட்சக்கணக்கான முட்டைகள். அந்தச் சில வாரங்கள் மட்டும் மடையை அடைக்காமல் விட்டால் வேறு எதையும் விட அது பெரிய உதவி. மற்றொன்று, இலுப்பைப் பிண்ணாக்கு. அது நாற்றங்கால் குளத்துக்கு, அதாவது நீர் வெளியே போகாத சிறு குட்டைக்குச் சொல்லப்பட்ட முறை. பாசனக் குளத்தில், அதுவும் மதகு திறந்திருக்கும்போதோ மறுகால் பாயும்போதோ போட்டால், நஞ்சு கால்வாயோடு கீழே போய் உங்கள் குத்தகைக்கு உட்படாத மீனையெல்லாம் கொல்லும். கோடையில் குளம் தானாகவே வற்றுகிறது என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். வற்றும் குளத்தில் கொன்றுண்ணி மீனை அகற்ற நஞ்சு எதற்கு?

மீன்பாசி எழுதியது:

முழுவதும் வற்றாத பெரிய குளங்களில் அடியில் கொஞ்சம் தண்ணீர் கிடக்கும், அதற்குத்தான் போடுகிறோம். ஆனால் நீர் நிற்கும்போதே கடைசியாக ஒருமுறை இழுவலை போட்டு எடுத்துவிட்டால் அந்தச் செலவு மிச்சம் என்பதும் உண்மை. மடையை அடைக்கும் வலையை நான் போடுவதில்லை. ஏலம் எடுக்காத வெளியாட்கள் இரவில் வந்து கட்டுகிறார்கள். அதை நிறுத்தச் சொல்லி ஏல நிபந்தனையிலேயே எழுதினால் குத்தகைதாரர்களும் துணைக்கு நிற்போம், ஏனென்றால் அந்த வலையில் போவது எங்கள் மீனும்தான்.

மறுகால் எழுதியது:

இது செய்யக்கூடிய காரியம். எங்கள் பாசன விவசாயிகள் சங்கத்தின் அடுத்த கூட்டத்தில் இந்த இரண்டையும் முன்வைக்கிறேன். பிசானத்துக்குத் தண்ணீர் திறந்து குளம் பெருகும் வாரங்களில் மடையிலும் மறுகாலிலும் வலை கட்டக் கூடாது என்பது ஒன்று, பாசனக் குளத்தில் பிண்ணாக்கு நஞ்சு கூடாது என்பது மற்றொன்று. அதோடு, வாளை என்று நினைக்கும் மீன் கிடைத்தால் படம் எடுக்கும் முறையையும் சொல்லிவிடுகிறேன். மீனைத் தூக்கிப் பிடிக்காமல் தரையில் பக்கவாட்டில் கிடத்தி, அடித்துடுப்பு முழுவதும் தெரியும்படி ஒரு படமும், கண்ணும் வாயின் ஓரமும் தெரியும்படி தலையை மட்டும் ஒரு படமும் எடுங்கள். பிடித்த இடமும் நாளும் எழுதி இந்த இழையிலேயே இடுங்கள். எந்த அணைக்கட்டுக்கு மேலே, எதற்குக் கீழே என்பது முக்கியம்.

களக்காட்டு மாணவி எழுதியது:

சிறிய மீன்களுக்கு எச்சரிக்கை ஒன்று சேர்க்க வேண்டும். ஒரு சாண் அளவுள்ள மீனாக இருந்தால் வாளைக் குஞ்சையும், அதே குடும்பத்தைச் சேர்ந்த ஓம்போக் என்ற சிறிய மீனையும் பிரிப்பது எளிதன்று. இரண்டுக்கும் செதில் இல்லை, இரண்டுக்கும் நீண்ட அடித்துடுப்பு, இரண்டுக்கும் இரண்டு இணை மீசை. எதைப் பார்க்க வேண்டும் என்று ஆசிரியர் ஐயா சொன்னால் நன்று.

பாளை ஆசிரியர் எழுதியது:

ஓம்போக் மீனுக்குச் செவுளுக்குச் சற்றுப் பின்னால், மார்புத் துடுப்புக்கு மேலே பெரும்பாலும் கரும்புள்ளி ஒன்று இருக்கும். வாளைக் குஞ்சில் அது இராது. பிடித்து வெகுநேரம் ஆன மீனில் புள்ளி மங்கிவிடும் என்பதால் அதை மட்டும் நம்பாமல் வாயையும் பாருங்கள். ஓம்போக்கின் வாய்ப்பிளவு கண்ணை எட்டும் முன்பே முடிந்துவிடும். வாளையில் குஞ்சிலேயே அது கண்ணைக் கடந்து போகும். படம் தெளிவில்லாவிட்டால் எந்தப் பெயரும் எழுதாமல் இங்கே இடுங்கள், பார்த்துச் சொல்கிறோம்.